ஊர் திரும்பிய பின்: வீடு முடியுமுன் தொடங்கவேண்டிய வாழ்க்கை

காணி கிடைத்துவிட்டது. எல்லைக் கற்களைத் தேடிப் பிடித்து, பற்றை வெட்டி, தற்காலிகக் கொட்டில் ஒன்றும் போட்டாயிற்று. இத்தனை வருடம் காத்திருந்தது இதற்காகத்தான். அப்படியிருந்தும் மனம் ஏன் நிறையவில்லை?

எங்கள் கள உத்தியோகத்தர்களிடம் பலர் இந்தக் கேள்வியைக் குரலைத் தாழ்த்தித்தான் கேட்கிறார்கள். காணியை விடுவிக்கச் சொல்லி வெயிலில் போராட்டம் இருந்தவர்கள், அது கிடைத்த பிறகு ‘சந்தோசமாக இல்லை’ என்று சொன்னால் சனம் என்ன நினைக்கும் என்ற கூச்சம். கூச்சப்படத் தேவையில்லை. இந்தக் கையேட்டின் மற்றப் பகுதிகள் காணி உறுதி, வீட்டுத்திட்டம், மிதிவெடி அபாயம் என்பன பற்றிப் பேசுகின்றன. இந்தப் பகுதி, திரும்பிய இடத்தில் எப்படி வாழத் தொடங்குவது என்பது பற்றியது.

மனம் ஏன் பாரமாக இருக்கிறது?

வலிகாமம் வடக்கை எடுத்துக்கொள்வோம். 1990 யூனில் அங்கிருந்து வெளியேறியவர்களில் பலர் மல்லாகம், கோணாப்புலம் போன்ற இடங்களின் நலன்புரி நிலையங்களிலும் உறவினர் வீடுகளிலும் வாடகை வீடுகளிலும் காலம் கழித்தார்கள். 2017 யூலையில் மயிலிட்டித் துறைமுகப் பகுதி விடுவிக்கப்பட்டபோது 27 வருடங்கள் போயிருந்தன. வெளியேறும்போது ஆறு வயதாயிருந்த பிள்ளைக்கு அப்போது முப்பத்துமூன்று வயது. அவருக்கே பிள்ளைகள் இருக்கிறார்கள். அந்தப் பிள்ளைகளுக்கு முகாம்தான் பிறந்த ஊர். நண்பர்கள், பள்ளிக்கூடம், பந்தடித்த வெளி எல்லாம் அங்கேதான். ஆகவே ஒரே லொறியில் வந்து இறங்கிய குடும்பத்தில் அப்பப்பா ஊருக்குத் திரும்பி வந்திருக்கிறார். பேரன் ஊரைவிட்டு வந்திருக்கிறான். இரண்டும் உண்மை. பேரன் முகத்தைத் தூக்கி வைத்திருந்தால் ‘சொந்த மண்ணின் அருமை தெரியாது’ என்று ஏசாதீர்கள். உங்களுக்கு 1990இல் நடந்தது, சிறிய அளவில் அவனுக்கு இப்போது நடந்திருக்கிறது.

முகாமின் துன்பங்களை உங்களுக்கு நாங்கள் சொல்லத் தேவையில்லை. ஆனால் அங்கே இருந்த ஒன்று இங்கே இல்லை: பக்கத்தில் ஆள். தகரத் தடுப்புக்கு அப்பால் யாராவது இருமினால் கேட்கும். தண்ணீர்க் குழாயடியில் நின்றால் ஊர்ப் புதினம் முழுவதும் வந்துவிடும். இப்போது உங்களுக்குப் பெரிய வளவு இருக்கிறது. அடுத்த இரண்டு வளவுகளும் பற்றையாகக் கிடக்கின்றன. பிள்ளைகள் பள்ளிக்கும் பெரியவர்கள் வேலைக்கும் போன பிறகு, வயதான ஒருவர் காலை எட்டு மணியிலிருந்து மாலைவரை தனியே இருக்கிறார். அவர்தான் ஊருக்கு வர அதிகம் ஆசைப்பட்டவராகவும் இருப்பார்.

பேராசிரியர் தயா சோமசுந்தரம் வடக்கில் நீண்டகாலம் பணிபுரிந்த உளமருத்துவர். போரும் இடம்பெயர்வும் தனி மனிதர்களை மட்டுமல்ல, குடும்பங்களையும் சமூகத்தையும் சேர்த்தே காயப்படுத்துகின்றன என்பதை அவர் தொடர்ந்து எழுதி வந்தார். காயம் அப்படியென்றால் ஆறுவதும் தனியே நடக்காது. கீழே சொல்லப்படுபவை பெரும்பாலும் மற்றவர்களோடு சேர்ந்து செய்பவையாக இருப்பதற்குக் காரணம் அதுதான்.

‘வீடு முடியட்டும்’

நாங்கள் அதிகம் கேட்கும் சொல் இது. வீடு முடியட்டும், பிறகு பொங்கல் செய்வோம். வீடு முடியட்டும், பிறகு தங்கச்சியைக் கூப்பிடுவோம். வீடு முடியட்டும், பிறகு பிள்ளையின் பிறந்தநாள். உதவிப்பணம் கட்டம் கட்டமாக வருகிறது, மேசன் வேறு வேலைக்குப் போய்விடுகிறார், மழை வருகிறது, சீமெந்து விலை ஏறுகிறது. இதற்குள் ஒரு பிள்ளையின் இரண்டு மூன்று வயது கடந்துபோகிறது. இருபத்தேழு வருடம் காத்திருந்தவர்களுக்குக் காத்திருப்பது பழக்கமாகிவிட்டது. அந்தப் பழக்கம் காணி கிடைத்ததும் தானாகப் போய்விடாது.

கொட்டில் முற்றத்தில் மூன்று கல் வைத்துப் பொங்கலாம். கூரையில்லாத சுவருக்குள் பாய் விரித்து விருந்தாளியை இருத்தலாம். முதல் மூன்று மாதத்துக்குள், வீடு எந்த நிலையில் இருந்தாலும், உங்கள் வளவில் ஒரு நல்ல காரியத்தை வைத்து நாலு பேரைக் கூப்பிடுங்கள். தேநீரும் வடையும் போதும். வருபவர்களின் வீடும் அநேகமாக அரைகுறையாகத்தான் இருக்கும், குறை பிடிக்க மாட்டார்கள்.

வீட்டைப் பற்றிப் பேசும்போது பணத்தையும் சொல்லவேண்டும். இந்திய வீட்டுத்திட்டத்தில் ஒரு வீட்டுக்கு 550,000 ரூபா வழங்கப்பட்டது. வரைபடத்தில் இருந்ததைவிடப் பெரிய அத்திவாரம் போட்டு, மிச்சத்துக்கு நகை அடகு வைத்து, கிழமைக்குக் கிழமை கட்டும் கடனும் எடுத்து, இறுதியில் சுவரோடு நின்றுபோன குடும்பங்கள் வன்னியிலும் யாழ்ப்பாணத்திலும் பல. ஊர் பார்க்கப் பெரிதாகக் கட்டவேண்டும் என்ற ஆசை விளங்கக்கூடியதுதான். எல்லாவற்றையும் இழந்தவருக்கு அது மரியாதையின் விடயம். ஆனாலும் எங்கள் கருத்து ஒன்றுதான்: கையில் உள்ள காசுக்கு அடங்கும் இரண்டு அறையைக் கூரையோடு முடியுங்கள். கடன் வசூலிப்பவர் வரும் நாளில் படலையைச் சாத்திவிட்டு உள்ளே இருக்கும் வாழ்க்கை எந்த வீட்டிலும் நிம்மதி தராது.

நாளுக்கு ஓர் ஒழுங்கு

நிவாரணத்தில் வாழ்ந்த காலத்தில் நாளின் நேரங்களை வேறு யாரோ தீர்மானித்தார்கள். இப்போது யாரும் இல்லை. இந்தச் சுதந்திரம் சிலரைத் திகைக்க வைக்கிறது. விடியும்போதே களைப்பு, எதைத் தொடங்குவது என்று தெரியாத நிலை.

நித்திரையில் இருந்து தொடங்குங்கள். எத்தனை மணிக்கு நித்திரை வரும் என்பது எங்கள் கையில் இல்லை. எத்தனை மணிக்கு எழும்புவது என்பது ஓரளவு கையில் இருக்கிறது. இரவு நித்திரை குழம்பினாலும் காலையில் ஒரே நேரத்துக்கு எழும்புங்கள். பகல் தூக்கம் அரை மணித்தியாலத்தைத் தாண்ட வேண்டாம். பின்னேரம் நாலு மணிக்குப் பிறகு தேநீரைக் குறையுங்கள். படுத்த பிறகு பழையவை வந்து அமுக்கினால் மூச்சை மெதுவாக உள்ளே எடுத்து, எடுத்ததைவிட மெதுவாக வெளியே விடுங்கள். பத்துப் பதினைந்து தடவை. நாமசெபம் சொல்பவர்களும் செபமாலை சொல்பவர்களும் அதோடு சேர்த்துச் செய்யலாம். நித்திரைக்காகச் சாராயம் குடிப்பவர்கள் ஒன்றைக் கவனித்திருப்பீர்கள்: படுத்ததும் நித்திரை வருகிறது, நடுச்சாமத்தில் விழிப்பு வந்துவிடுகிறது, பிறகு விடியும்வரை கண் மூட முடிவதில்லை. கசிப்பைப் பற்றிச் சொல்லவே வேண்டாம்.

நாளில் ஒரு வேளையாவது எல்லோரும் சேர்ந்து சாப்பிடுங்கள். கைபேசியைத் தள்ளி வைத்துவிட்டு.

வளவை மூன்று காலத்துக்கு நடுங்கள்

முதலில் ஓர் எச்சரிக்கை. வருடக்கணக்காகக் கைவிடப்பட்ட கிணற்றுக்குள் எதுவும் கிடக்கலாம், வெடிபொருள் உட்பட. சந்தேகமான பொருளைக் கண்டால் தொடாமல் கிராம அலுவலருக்கோ பொலிசுக்கோ அறிவியுங்கள். இறைத்துச் சுத்தம் செய்த கிணற்று நீரையும் பொதுச் சுகாதார பரிசோதகரிடம் கேட்டு, குளோரின் இட்ட பிறகே குடிக்கப் பயன்படுத்துங்கள்.

இனி நடுகை. கீரை விதைத்தால் நாலு கிழமையில் பிடுங்கலாம். பப்பாசி காய்க்க ஒன்பது பத்து மாதம் ஆகும். மாரி மழையோடு நட்ட முருங்கைக் கதியாலும் ஏறத்தாழ ஒரு வருடத்தில் காய் தரும். தென்னைக்கு ஐந்தாறு வருடம். மூன்றையும் ஒரே மாதத்தில் வையுங்கள். கீரை இந்த மாதச் சமையலுக்கு. முருங்கை அடுத்த வருடத்துக்கு. தென்னையை நடுபவர் இந்த இடத்திலிருந்து இனி எழும்ப மாட்டேன் என்று தனக்குத்தானே சொல்லிக்கொள்கிறார். பலமுறை இடம்பெயர்ந்தவருக்கு அதைச் சொல்லத் துணிவு வேண்டும். தென்னம்பிள்ளை வைக்கக் கை வராவிட்டால் வற்புறுத்த வேண்டாம், கீரைப் பாத்தியோடு இருங்கள். அடுத்த மாரிக்குப் பார்க்கலாம்.

முகாமில் வளர்ந்த பிள்ளைக்கும் வளவில் ஒரு மூலையைக் கொடுங்கள். அங்கே என்ன நடுவது, கோழி வளர்ப்பதா, கிரிக்கெட் விளையாடுவதா என்பது அவரது முடிவாக இருக்கட்டும். மாதத்தில் ஒரு நாள் பழைய முகாம் நண்பர்களிடம் போய்வர விடுங்கள்; அவர்களை இங்கேயும் கூப்பிடுங்கள்.

இந்தப் பகுதியை மாதர் சங்கத்திலோ சனசமூக நிலையத்திலோ குழுவாக வாசிப்பவர்கள் இங்கே நிறுத்தி ஒரு விடயத்தைப் பேசுங்கள்: எங்கள் ஒழுங்கையில் பகலில் தனியே இருப்பவர்கள் யார் யார்? பெயரைச் சொல்லி எண்ணுங்கள். யார் எந்த நாளில் அவர்களை எட்டிப் பார்ப்பது என்று அதே கூட்டத்தில் தீர்மானியுங்கள். முகாமில் ஒரே வரிசையில் இருந்தவர்களுக்கு மாதம் ஒரு சந்திப்பு வைக்கலாம். சீட்டுப் பிடிப்பவர்கள் அந்த நாளையே அதற்கும் பயன்படுத்துகிறார்கள்.

வராதவர்கள்

சில வீடுகளில் ஒருவர் திரும்பி வரவில்லை. இருக்கிறாரா இல்லையா என்பதும் தெரியாது. இந்தத் துயரத்துக்கு எட்டும் இல்லை, முப்பத்தொன்றும் இல்லை. ஆகவே ‘இன்னும் ஏன் அழுகிறாய்’ என்று கேட்க யாருக்கும் உரிமையில்லை. விளக்கு வைப்பதா, வைக்காமல் காத்திருப்பதா என்பதை அந்தக் குடும்பமே முடிவு செய்யட்டும். ஒரே குடும்பத்தில் தாய் ஒன்று நினைக்க மகள் வேறொன்று நினைப்பதும் வழமை.

இவர்களில் பலருக்குச் சிரிப்பு வந்தால் குற்றவுணர்வும் கூட வருகிறது. மகளின் சாமத்தியவீட்டுக்குப் பட்டுச்சேலை உடுத்தினால் மகனை மறந்துவிட்டதாக ஆகிவிடுமோ என்ற பயம். ஆகாது. தேடுவதையும் வாழ்வதையும் ஒன்றாகவே செய்யலாம். தேடுவதற்கும் உடம்பில் பலம் வேண்டும். விசேட நாளில் அவருடைய படத்துக்கு ஒரு பூவும் அவருக்குப் பிடித்த பலகாரத்தில் ஒரு துண்டும் வைத்துவிட்டு மற்றப் பிள்ளைகளோடு உட்கார்ந்து சாப்பிடும் தாய்மார் இருக்கிறார்கள்.

எப்போது உதவி கேட்பது?

இரண்டு கிழமைக்கு மேல் தொடர்ந்து நித்திரையோ பசியோ இல்லாமல் இருந்தால், செய்துவந்த வேலையைச் செய்ய முடியாமல் போனால், குடியைக் கட்டுப்படுத்த முடியாவிட்டால், காத்திருக்காமல் உதவி கேளுங்கள். உயிரை விடவேண்டும் என்ற எண்ணம் வந்தால் அன்றைக்கே யாரிடமாவது சொல்லுங்கள், அந்த ஆளைத் தனியே விடாதீர்கள். தேசிய மனநல நிறுவனத்தின் தொலைபேசி இலக்கம் 1926. சிறுவர்கள் தொடர்பான முறைப்பாட்டுக்கு 1929, பெண்களுக்கு 1938. வலிகாமம் வடக்கில் இருப்பவர்கள் தெல்லிப்பழை ஆதார வைத்தியசாலையின் மனநலப் பிரிவுக்குப் போகலாம். மற்ற இடங்களில் உள்ளவர்கள் அருகிலுள்ள வைத்தியசாலையில் விசாரியுங்கள். அரசாங்க வைத்தியசாலையில் இதற்குக் கட்டணம் இல்லை. போகும்போது துணைக்கு ஒருவரைக் கூட்டிக்கொண்டு போங்கள். கிளினிக் கொப்பி இருந்தால் அதையும், ஏற்கெனவே குடித்துவரும் மருந்துகளின் அட்டைகளையும் மறக்காமல் எடுத்துச் செல்லுங்கள்.