விஷத்தைப் படிக்கப் போகிறவளுக்கு

கண்ணு, பாம்பு விஷத்தில் ஆராய்ச்சி செய்யச் சேர்ந்திருக்கிறாயாம், உன் அம்மா சொன்னாள். திருப்புட்குழியிலிருந்து பெரியப்பா சொல்வதையும் கேட்டுக்கொள்.

1. முதலில் வடநெம்மேலிக்குப் போ. 1978-இல் தொடங்கிய இருளர் பாம்பு பிடிப்போர் கூட்டுறவுச் சங்கம் அங்கேதான் இருக்கிறது. நாகம், கட்டுவிரியன், கண்ணாடிவிரியன், சுருட்டைவிரியன் எல்லாம் துணியால் வாய் கட்டிய மண்பானைகளில் கிடக்கும். விஷம் எடுப்பவரின் முகத்தை விட்டுவிட்டு விரலைப் பார். பாம்பின் தலையை அது இறுக்குவதும் இல்லை, தளர விடுவதும் இல்லை. குடுவை வாயில் கட்டிய சவ்வைப் பாம்பு கடிக்கும். சில சொட்டு இறங்கும். சில வாரம் வைத்திருந்து, வயிற்றுச் செதிலில் அடையாளமிட்டுக் காட்டிலேயே விட்டுவிடுவார்கள். அந்த நிதானம் வரும்வரை நீ குடுவையைத் தொடாதே.

2. அந்த இருளர்களிடம் "வாங்க, போங்க" என்றே பேசு. 1970-களில் பாம்புத்தோல் வியாபாரத்துக்குத் தடை வந்து பிழைப்பை இழந்தவர்கள். அவர்களில் வடிவேல் கோபாலுக்கும் மாசி சடையனுக்கும் 2023-இல் பத்மஸ்ரீ கிடைத்தது. அதற்கு முன்னால் அவர்களுக்கு நாற்காலி போட்டவர்கள் எத்தனை பேர்?

3. "பாம்பு விஷம் பிரஷருக்கு மருந்தாமே" என்று யாராவது கேட்டால் தலையாட்டிவிடாதே. பிரேசிலின் ஜரராகா விரியன் விஷம் ரத்த அழுத்தத்தை இறக்கும். அதற்குத் துணைபோகும் புரதத் துணுக்குகளை 1960-களில் செர்ஜியோ ஃபெரெய்ரா கண்டார். விழுங்கினால் அவை வயிற்றில் செரித்துப்போகும். அவற்றைப் பார்த்து வேதியியலாளர்கள் புதிதாகக் கட்டிய சிறு மூலக்கூறுதான் கேப்டோபிரில். அமெரிக்காவில் 1981-இல் அனுமதி பெற்றது. மாத்திரையில் விஷம் துளியும் கிடையாது. கேட்பவர் வாய் பிளக்க வேண்டும் என்பதற்காக உண்மையோடு அரைப்படி சேர்க்கிற பழக்கம் வந்தால் போகாது.

4. ஒன்றைக் கற்றதும் எல்லாம் அப்படித்தான் என்று நினைக்காதே. சுருட்டைவிரியன் விஷத்தில் ரத்தத் தட்டணுக்களை ஒட்டவிடாத ஒரு புரதம் உண்டு. மாரடைப்புக்கான டைரோஃபிபன் மருந்துக்கு அதுவே வழிகாட்டி. கண்ணாடிவிரியன் விஷமோ ரத்தத்தை உறையவைக்கும். 1934-இல் மெக்ஃபர்லேன், பார்னெட் என்ற ஆய்வாளர்கள் அதை நீர்க்கச் செய்து தடவி, ரத்தம் உறையாத நோயாளிகளின் கசிவை நிறுத்தினார்கள்.

5. ஊரில் யாரையாவது கடித்தால் உன்னைத்தான் தேடி வருவார்கள். படித்த திமிரைக் காட்டாதே. கீறாதே, இறுக்கிக் கட்டாதே. தறிக்குழி ஓரம் தரையில் படுத்திருந்த ஒரு நெசவாளியைக் கட்டுவிரியன் தீண்டியது. தடம்கூடத் தெரியவில்லை, பூச்சிக்கடி என்றார்கள். விடிவதற்குள் கண்ணிமை தொங்கிவிட்டது. சந்தேகம் வந்த உடனேயே 108-ஐக் கூப்பிடு. விஷமுறிவு ஊசி ஆஸ்பத்திரியில்தான் இருக்கிறது.