மூன்று அம்பயர்களும் மழைத்துளியும்



டிராயிங் ஷீட் கைக்கு வந்ததும் முதலில் மூலையில் இருக்கும் டைட்டில் பிளாக்கைப் பார்க்கணும் என்பது முதலாம் ஆண்டிலேயே நமக்குச் சொல்லித் தந்த பாடம். அதே கண்ணோடு ஒரு அமெரிக்கப் பத்திரிகையின் அட்டைப்படத்தைக் கொஞ்சம் பார்ப்போமா?

வரைந்தவர் நார்மன் ராக்வெல். 'சாட்டர்டே ஈவினிங் போஸ்ட்' பத்திரிகைக்கு 1916 முதல் 1963 வரை 300க்கும் மேற்பட்ட அட்டைகள் வரைந்தவர். இந்தப் படம் 1949 ஏப்ரல் 23 இதழில் வந்தது. பெயர் 'டஃப் கால்'. சொல்லச் சிரமமான தீர்ப்பு என்று வைத்துக்கொள்ளலாம்.

நியூயார்க் புரூக்ளினில் இருந்த எபட்ஸ் ஃபீல்ட் பேஸ்பால் மைதானம். கறுப்பு உடையில் மூன்று அம்பயர்கள் வானத்தைப் பார்த்து நிற்கிறார்கள். நடுவில் இருப்பவர் உள்ளங்கையை நீட்டித் துளி விழுதா என்று பார்க்கிறார். கீழிருந்து பார்ப்பது போல வரைந்திருப்பதால் மூவரும் மலை மாதிரி தெரிகிறார்கள். ஆட்டக்காரர்கள் பொடிசாகப் பின்னால்.

என் அப்பா கொத்தனார். பள்ளிக்கூடம் போனதில்லை, பேஸ்பால் என்றால் என்னவென்றும் தெரியாது. படத்தைக் காட்டினேன். "வேலைய நிறுத்தணுமா வேணாமான்னு பாக்குறாங்கடா" என்றார் உடனே. தளம் போடுகிற அன்று மேகம் கறுத்தால் அவரும் இப்படித்தான் கையை நீட்டுவார். நிறுத்தினால் பத்துப் பேருக்குக் கூலி போச்சு, நிறுத்தாவிட்டால் கான்கிரீட் போச்சு.

நிறுத்தினால் இங்கே யாருக்கு நஷ்டம்? அதைச் சொல்வது பின்னால் இருக்கும் ஸ்கோர் போர்டு. அதுதான் இந்தப் படத்தின் டைட்டில் பிளாக். பிட்ஸ்பர்க் 1, புரூக்ளின் 0, ஆறாவது இன்னிங்ஸின் பின்பாதி. பேஸ்பாலில் மொத்தம் 9 இன்னிங்ஸ். ஒவ்வொன்றிலும் விருந்தாளி அணி முதலில் அடிக்கும், சொந்த ஊர் அணி பிறகு. 5 இன்னிங்ஸ் முடிந்தபின் மழையால் ஆட்டத்தை நிறுத்தினால், முன்னால் இருப்பவருக்கே வெற்றி என்பது அன்றைய விதி. ஆக, அம்பயர் "போதும்" என்று ஒரு வார்த்தை சொன்னால் பிட்ஸ்பர்க் ஜெயித்துவிடும்! (1992 உலகக் கோப்பை அரையிறுதியில் மழை வந்து, தென்னாப்பிரிக்காவுக்கு 13 பந்தில் 22 ரன் என்றிருந்தது 1 பந்தில் 21 ஆனதே, அந்த வயிற்றெரிச்சல்தான் இதுவும்.)

இப்போது பின்னால் வாக்குவாதம் செய்யும் இருவரையும் பாருங்கள். சிரித்த முகமாக இருப்பவர் கிளைட் சுக்போர்த், தோற்றுக்கொண்டிருக்கும் புரூக்ளினின் பயிற்சியாளர். குளிரில் குறுகி நிற்பவர் பில் மேயர், ஜெயித்துக்கொண்டிருக்கும் பிட்ஸ்பர்க்கின் மேனேஜர். தலைகீழாக இருக்கே என்று எனக்கு முதலில் குழப்பம். விதி தெரிந்ததும் புரிந்தது. "இதெல்லாம் ஒரு மழையா, ஆடலாம்" என்பது சுக்போர்த் கட்சி. "கொட்டுது சார், நிறுத்துங்க" என்று நடுங்கிக் காட்டுவது மேயர் கட்சி. நல்ல நடிப்பு!

சுக்போர்த் லேசான ஆள் இல்லை. கறுப்பினத்தவரைச் சேர்க்காத அந்தப் பெரிய லீக்கில் ஜாக்கி ராபின்சன் 1947 ஏப்ரல் 15 அன்று முதன்முதலாக இறங்கியபோது, அந்த ஆட்டத்துக்கு மேனேஜராக இருந்தவர் இவர்தான்.

மைதானத்தை 1960இல் இடித்துவிட்டார்கள். மூல ஓவியம் கூப்பர்ஸ்டவுன் பேஸ்பால் அருங்காட்சியகத்துக்குப் போனது. இதற்காக ராக்வெல் முன்னோட்டமாக வரைந்த ஒரு படம் அந்த அம்பயர்களில் ஒருவரின் குடும்பத்தில் இருந்தது. வெறும் அச்சுப்படம் என்று நினைத்தே சுவரில் மாட்டியிருந்தார்களாம். 2017இல் அது ஏலம் போன விலை 16 லட்சத்து 80 ஆயிரம் டாலர்.