சந்தேகமும் பழியும்: கதையிலும் வாழ்விலும்



துப்பறியும் கதைகளை விரும்பிப் படிப்போர் நம் வியாபாரிகளிலும் பலர் உளர். பகல் முழுதும் கல்லாவில் உட்கார்ந்து, இரவு கடையடைத்து வந்தவனுக்கு அப்படியொரு கதை நல்ல துணைதான். அதைக் குறை கூற நான் வரவில்லை. ஆனால் அக்கதைகளுக்கென்று ஒரு விதி உண்டு. முதல் ஏட்டில் ஒரு பிணம் கிடந்தால், கடைசி ஏட்டில் ஒரு குற்றவாளி பிடிபட்டே ஆக வேண்டும். இல்லையேல் படித்தவன் கொடுத்த காசைத் திருப்பிக் கேட்பான்!

வாழ்க்கைக்கு அப்படியொரு கட்டாயம் இல்லை. பல சமயங்களில் கடைசி ஏடு எழுதப்படாமலே நின்றுவிடுகிறது. அந்த வெற்றேட்டில் தம் மனம்போல் ஒரு பெயரை எழுதிவிடும் வழக்கம் மனிதரிடம் இருக்கிறது. பெரும்பாலும் அந்தப் பெயர், எதிர்த்துப் பேச நாதியற்றவனின் பெயராகவே அமைந்துவிடுகிறது. இதனைப் பற்றியே இப்பாடத்தில் சிந்திப்போம்.

கேமரன் மலையில் மறைந்த வியாபாரி

1967-ம் வருடம் மார்ச் 26-ந் தேதி, ஞாயிற்றுக்கிழமை. கிறிஸ்தவர்களின் ஈஸ்டர் பண்டிகை நாள். தானா ராத்தாவுக்கு அருகே 'மூன்லைட்' என்னும் பங்களாவில் விருந்தாளியாகத் தங்கியிருந்த ஜிம் தாம்ஸன் என்ற அமெரிக்கர், பிற்பகலில் மற்றவர்கள் இளைப்பாறிக்கொண்டிருந்த நேரத்தில் தனியே வெளியே நடந்து சென்றார். திரும்பி வரவேயில்லை. அப்போது அவருக்கு வயது 61.

அவரும் ஒரு வியாபாரியே. 1948-ல் பாங்காக்கில் பட்டுக் கம்பெனி தொடங்கி, தாய்லாந்துப் பட்டை உலகச் சந்தைக்குக் கொண்டு சென்றவர். அவருடைய பட்டை நெய்து கொடுத்தவர்களில் பலர், பாங்காக்கின் பான் க்ருவா என்னும் குடியிருப்பைச் சேர்ந்த சாம் வம்சத்து முஸ்லிம்கள் என்பது நம்மவர் பலருக்குத் தெரியாத செய்தி.

போலீசாரும் இராணுவத்தினரும் காட்டை நன்கறிந்த ஒராங் அஸ்லி மக்களும் தொண்டர்களும் நாட்கணக்கில் தேடினர். உடலும் கிடைக்கவில்லை, அவருடையதென உறுதியாகச் சொல்லத்தக்க ஒரு பொருளும் கிடைக்கவில்லை. 1974-ல் அவர் இறந்தவராகச் சட்டப்படி அறிவிக்கப்பட்டார். வழக்கு அவ்வளவே. மீதம் எல்லாம் யூகம்.

யூகங்களுக்குத்தான் பஞ்சமே இல்லை! உலக யுத்தத்தின்போது அவர் அமெரிக்க உளவுத்துறையில் இருந்தவராதலால் ஒற்றர்கள் கடத்திவிட்டனர் என்றனர் சிலர். கம்யூனிஸ்டுகள் என்றனர் சிலர். தொழிற்போட்டி என்றனர் வேறு சிலர். புலி அடித்தது என்றனர். லாரி மோதிவிட, ஓட்டுநர் பயந்து உடலைப் புதைத்துவிட்டான் என்றனர். ஒராங் அஸ்லிகள் காட்டில் வைத்த பொறியில் விழுந்துவிட்டார், அவர்கள் அதை மறைத்துவிட்டனர் என்றும் சொன்னார்கள்.

இந்தப் பட்டியலைச் சற்று நிதானமாகப் பாருங்கள். பழி சுமத்தினால் புலிக்கு மானம் போவதில்லை. ஒற்றர்களுக்கோ அரசாங்கங்களின் துணை உண்டு. ஆனால் மலைப்பாதையில் லாரி ஓட்டிப் பிழைப்பவனுக்கு யார் துணை? எந்த ஒராங் அஸ்லிகள் இரவு பகலாய்க் காட்டில் அலைந்து தேடினார்களோ, அந்த மக்கள் மீதே பழியும் விழுந்தது. அதற்குச் சாட்சி ஒன்றும் இல்லை. காட்டில் வசிக்கிறார்கள் என்பதே போதுமான காரணமாயிற்று.

ஜப்பானின் பேர்பெற்ற துப்பறியும் நாவலாசிரியர் செய்ச்சோ மாட்சுமோட்டோ, இச்சம்பவத்தை மூலமாகக் கொண்டு 'அட்சுய் கினு' என்ற நாவலை எழுதினார். 'சூடான பட்டு' என்பது அதன் பொருள். 1985-ல் அது நூலாக வந்தது. கதாசிரியர் தம் கற்பனையால் முடிச்சுப் போடலாம், அவிழ்க்கலாம். அவர் பிடிக்கும் குற்றவாளி காகிதத்தில் பிறந்தவன். அவனுக்குப் பெண்டு பிள்ளை இல்லை. டீக்கடைப் பெஞ்சில் உட்கார்ந்து நாம் பிடிக்கும் குற்றவாளிக்கு உண்டு. கதைக்கும் வாழ்வுக்கும் உள்ள பெரிய வித்தியாசம் இதுதான்.

ஒரு பாடகரும் ஒரு நடிகரும்

மறைந்தவர் கிடைக்காதபோது யூகம் பிறந்தது. கொலை நடந்தது உறுதியானபோதும் யூகம் தவறான வாசலைத் தட்டக்கூடும். அதற்குத் தமிழர் நன்கறிந்த உதாரணம் லட்சுமிகாந்தன் வழக்கு.

'இந்து நேசன்' என்ற பத்திரிகையில் சினிமாக்காரர்களைப் பற்றி அவதூறு எழுதி வந்த லட்சுமிகாந்தன், 1944-ம் வருடம் நவம்பர் 8-ந் தேதி சென்னை வேப்பேரியில் கைரிக்ஷாவில் போகையில் கத்தியால் குத்தப்பட்டு, மறுநாள் ஆஸ்பத்திரியில் இறந்தார். அவரால் மனம் புண்பட்டவர்கள் யார் யார் என்று ஊருக்கே தெரியும். ஆகவே சந்தேகம் எங்கே திரும்பும் என்பதும் தெரிந்ததே. எம். கே. தியாகராஜ பாகவதரும் என். எஸ். கிருஷ்ணனும் கைதானார்கள். 1945-ல் ஜூரிகளின் பெரும்பான்மை முடிவின் பேரில் இருவருக்கும் ஆயுள் தண்டனை விதிக்கப்பட்டது.

லண்டன் பிரிவி கவுன்ஸில் வரை வழக்குப் போயிற்று. அங்கிருந்து மறு விசாரணைக்குத் திரும்பி வந்து, 1947-ல் சென்னை ஹைகோர்ட் இருவரையும் விடுதலை செய்தது. இரண்டு வருடங்களுக்கு மேல் சிறையில் கழிந்துவிட்டன. கிருஷ்ணன் மீண்டும் திரையில் சிரிக்க வைத்தார். பாகவதருக்கோ பழைய நாட்கள் திரும்பவே இல்லை. சிறை செல்லுமுன் வெளிவந்த 'ஹரிதாஸ்' படம் வருடக்கணக்கில் ஓடிக்கொண்டிருக்க, அதன் நாயகர் கம்பிக்குப் பின்னால் இருந்தார். 1959-ல் காலமானார். குத்தியவன் யார் என்ற கேள்வி இன்றும் அப்படியே நிற்கிறது.

பகை இருந்தது என்பது உண்மை. பகை இருந்ததால் கொலையும் அவர்களே செய்தார்கள் என்பது யூகம். முன்னதிலிருந்து பின்னதற்கு நாக்கு ஒரு நொடியில் தாவிவிடும். சட்டம் அந்தத் தூரத்தைத் திரும்பி நடக்க இரண்டு வருடங்கள் ஆயின.

சட்டையும் மாவு மூட்டையும்

மதரஸாவில் நாம் சிறுவயதில் கேட்ட யூஸுஃப் நபி (அலை) அவர்களின் சரித்திரத்தை இந்தக் கண்ணோடு மறுபடி பாருங்கள். அதிலே ஒரு சட்டை இரண்டு முறை சாட்சிக்கு வருகிறது. முதல் முறை, சகோதரர்கள் பொய் இரத்தம் தோய்த்து, ஓநாய் மேல் பழி போட்டார்கள். தகப்பனார் அதை நம்பவில்லை. இரண்டாம் முறை, சட்டை முன்புறம் கிழிந்ததா, பின்புறம் கிழிந்ததா என்று பார்க்கப்பட்டது. பின்புறம் கிழிந்திருந்தது, நபியவர்கள் குற்றமற்றவர் என்பது துலங்கிற்று. துலங்கிய பின்னும் சிறைக்கு அனுப்பப்பட்டதே, அது கவனிக்க வேண்டிய விஷயம். பெரிய வீட்டின் மானத்தைக் காக்க ஏழையின் மானம் பலியிடப்பட்டது.

மதீனாவில் நடந்த மற்றொரு சம்பவத்தை அன்னிஸா அத்தியாயத்தின் 105-ம் வசனம் முதலானவற்றுக்கு விளக்கமாகத் தஃப்ஸீர்கள் கூறுகின்றன. முஸ்லிம் குலமொன்றைச் சேர்ந்த ஒருவன் ஒரு கவசத்தைத் திருடி, மாவு மூட்டையில் மறைத்து எடுத்துச் சென்றான். மாவு வழியெல்லாம் சிந்தியது. அகப்பட்டுக்கொள்ளும் நிலை வந்ததும், கவசத்தை ஒரு யூதரிடம் சேர்ப்பித்துவிட்டுப் பழியை அவர்மேல் திருப்பினான். அவனுடைய குலத்தாரும் அவனுக்காகப் பரிந்து பேச வந்தனர். ஆனால் இறைவசனம் இறங்கி, அந்த யூதர் நிரபராதி என்று விளக்கிற்று. நம்மவன், அயலான் என்ற கணக்கு நியாயத்தின் தராசில் ஏறக்கூடாது என்பதற்கு இதைவிடத் தெளிவான பாடம் வேறென்ன வேண்டும்?

ஃபிக்ஹு நூல்களில் ஒரு விதி உண்டு. சந்தேகம் தோன்றுமானால் ஹத்துத் தண்டனை நீங்கிவிடும். கோர்ட்டுகளிலும் சந்தேகத்தின் பலன் குற்றஞ்சாட்டப்பட்டவனுக்கே. ஆக, சட்டத்தின் முன் சந்தேகம் அவனுக்குத் துணை நிற்கிறது. கடைத்தெருவில் அதே சந்தேகம் அவனுடைய கழுத்தைப் பிடிக்கிறது. நாம் எந்தப் பக்கம் நிற்கிறோம் என்பதை ஒவ்வொருவரும் தம்மையே கேட்டுக்கொள்ள வேண்டும்.

நம் கடைகளில்

இம்மலையில் 1929-ல் போ தேயிலைத் தோட்டம் உண்டான காலத்திலும் அதன் பிறகும், கொழுந்து பறித்தவர்களில் பெரும்பாலோர் தமிழர். தோட்டத்தில் ஏதேனும் காணாமற்போனால் முதலில் சோதனையிடப்படுவது லயத்து வீடுகளே. இன்று கொழுந்து பறிப்பவர்களில் பலர் பங்களாதேஷ், நேபாளம், இந்தோனேசியா தேசங்களிலிருந்து வந்தவர்கள். அவர்கள்தாம் நம் கடைகளுக்கு வாடிக்கையாளர்; சில கடைகளில் வேலையாட்களும் அவர்களே. சந்தேகமும் இப்போது அவர்கள் வாசலுக்கு வீடு மாறிவிட்டது.

நான் அறிந்த ஒரு கடையில் சிகரெட் சரக்கு குறைந்தது. புதிதாய்ச் சேர்ந்திருந்த வெளிநாட்டுப் பையன்மேல் சந்தேகம் விழுந்து, அன்றே வெளியேற்றப்பட்டான். அடுத்த மாதம் மொத்த வியாபாரியிடமிருந்து ஒரு சீட்டு வந்தது. அனுப்பியபோதே அந்தச் சரக்கு குறைவு என்றும், பணத்தைக் கணக்கில் கழித்துக்கொள்ளலாம் என்றும் அதில் இருந்தது. பணம் திரும்பிற்று. பையன் எங்கே போனான் என்று சொல்ல ஒருவருமில்லை. அவனைத் திருடன் என்று கேட்ட தெரு, அவன் திருடனல்ல என்பதைக் கேட்கவே இல்லை.

ஆகவே கடையில் ஒரு பொருளோ பணமோ குறைந்தால், வியாபாரி கைக்கொள்ள வேண்டிய முறை இது:

1. முதலில் பேரேட்டைப் பாருங்கள், பிறகு ஆளைப் பாருங்கள். எழுதாமல் விட்ட கடன், குறைந்து வந்த சரக்கு, தவறிக் கொடுத்த சில்லறை ஆகிய மூன்றையும் சரிபார்க்குமுன் களவு என்ற சொல்லை வாயில் எடுக்க வேண்டாம்.

2. நிச்சயமாகாத பெயரை வீட்டிலும் சொல்லாதீர்கள், பள்ளிவாசல் திண்ணையிலும் சொல்லாதீர்கள்.

3. கேட்பதானால் தனியே அழைத்து, அவன் சொல்வதையும் முழுதாகக் கேளுங்கள். பாஷை தெரியாதவனின் மௌனம் ஒப்புதல் ஆகாது.

4. அத்தாட்சி கிடைத்தால் போலீசுக்குப் போங்கள். அடிப்பதற்கும், கூலியை நினைத்தபடி பிடிப்பதற்கும், கடவுச்சீட்டை வாங்கி வைத்துக்கொள்வதற்கும் இந்நாட்டுச் சட்டம் இடந்தரவில்லை.

5. சந்தேகம் நீங்கினால், அது எத்தனை பேர் காதில் விழுந்ததோ அத்தனை பேருக்கும் அது நீங்கியதைச் சொல்லுங்கள்.

களவுபோன பொருளுக்கு விலை உண்டு. அடுத்த சரக்கில் அதைச் சரிக்கட்டிவிடலாம். ஒருவனிடமிருந்து நாம் பறித்த நற்பெயருக்கு எந்தச் சந்தையிலும் சரக்கு இல்லை. மறுமையில் அந்தக் கணக்கு நம் பற்றில் நிற்கும். ஜிம் தாம்ஸனின் முடிவு தெரியாமல் அரை நூற்றாண்டுக்கு மேலாக இம்மலை அமைதியாகத்தான் இருக்கிறது. தெரியாததைத் தெரியாது என்று விட்டுவைக்க நாமும் கற்றுக்கொள்வோமாக.