தில்லை இலை எது?

கேள்வி: பிச்சாவரத்தில் படகில் போனால் எல்லா மரமும் ஒன்றுபோலவே தெரிகிறது. தில்லையை இலை பார்த்துச் சொல்ல முடியுமா?
– வாசகர், சிதம்பரம்

பதில்: முடியும். ஆனால் வடிவத்தை மட்டும் நம்பாதீர்கள். அங்கே பல மரங்களின் இலை ஏறக்குறைய நீள்வட்டம்தான். கொம்பில் இலை அமைந்திருக்கும் விதத்தைப் பாருங்கள். சுரபுன்னையிலும் வெண்கண்டலிலும் எதிரெதிரே ஜோடியாக இருக்கும். தில்லையில் மாறி மாறி வரும். சுரபுன்னை இலை தடிப்பு, நுனியில் முள்போல ஒரு கூர். வெண்கண்டல் இலையின் அடிப்புறம் சாம்பல் வெளுப்பு. வெயில் நாளில் மேற்புறத்தில் உப்புப் பொடிகூடத் தெரியும் (வேர் உறிஞ்சிய உப்பை அந்த மரம் இலை வழியே கக்குகிறது). தில்லை இலை உதிருமுன் சிவக்கும். சந்தேகம் தீர அதைக் கிள்ளிப் பார்க்க வேண்டாம். வடியும் பால் கண்ணில் பட்டால் சில காலம் பார்வையே போகலாம்.