புறக்காழும் அகக்காழும்



நம் பிள்ளைகள் புனேயில் பள்ளிப் பாடமாக மோனோகாட், டைகாட் என்று படிக்கிறார்கள். தமிழில் இவற்றுக்கு என்ன பெயர் என்று கேட்டால், ஒருவித்திலைத் தாவரம், இருவித்திலைத் தாவரம் என்று சொல்லிக் கொடுக்கிறோம். இவை நல்ல சொற்கள்தாம். ஆனால் அண்மைக் காலத்தில் ஆக்கப்பட்டவை. இவற்றோடு ஒப்பிட்டுப் பார்க்கத்தக்க இரண்டு பழஞ்சொற்கள் தமிழில் உண்டு. ஒன்று புறக்காழ், மற்றொன்று அகக்காழ். தாவரத்தின் உடலமைப்பைச் சொல்லும் இந்த அடைமொழிகள் இன்று பேச்சில் இல்லை, எழுத்திலும் அரிது. அவற்றின் பொருளையும், எங்கே பயன்படுத்தலாம், எங்கே கூடாது என்பதையும் பார்ப்போம்.

சொல்லின் அமைப்பு

முதலில் காழ் என்ற சொல். இதில் வருவது சிறப்பு ழகரம். மராத்தி பேசிப் பழகிய பிள்ளைகளுக்கு ளகரம் நன்றாக வரும், ழகரம்தான் தடுமாறும். காள் என்று சொன்னால் பொருள் போய்விடும்.

காழ் என்பதற்கு வன்மை, மரத்தின் வைரம், விதை எனப் பல பொருள்கள் உண்டு. திருக்குறளின் 1191ஆம் பாட்டில் விதையில்லாத கனியைச் சொல்லுமிடத்தில் காழ் என்பது விதை. 879ஆம் குறளில் முள்மரத்தை இளையதாக இருக்கும்போதே வெட்டிவிட வேண்டும், முற்றிவிட்டால் வெட்டுபவன் கையையே அது வருத்தும் என்கிறார் வள்ளுவர். அங்கே முற்றிய நிலைக்கு அவர் வைத்த சொல் காழ்த்த என்பது. இன்று நாம் செய்தித்தாளில் படிக்கும் காழ்ப்புணர்ச்சி என்ற சொல்லிலும் இதே காழ்தான் இருக்கிறது. இறுகிப்போன பகை காழ்ப்பு. வைரம் என்ற சொல்லும் மரத்தின் இறுகிய பகுதியையும் பகையையும் சேர்த்தே குறிப்பதைக் கவனியுங்கள்.

காழுக்கு எதிர்ச்சொல் வெளிறு. வைரம் ஏறாத வெளுத்த பகுதி அது. 503ஆம் குறளில் கற்றவரிடமும் காணப்படும் அறியாமைக்கு வள்ளுவர் இந்தச் சொல்லை ஆள்கிறார். நம் ஊர்த் தச்சர்கள் இந்தப் பகுதியை வெள்ளை என்பார்கள்.

புறம் என்பதும் காழ் என்பதும் சேரும்போது மகரம் கெட்டு, ககரம் மிகுந்து புறக்காழ் ஆகிறது. அகம் என்பதும் அப்படியே சேர்ந்து அகக்காழ் ஆகிறது. வன்மையை வெளிப்பக்கம் உடையது புறக்காழ். உட்பக்கம் உடையது அகக்காழ்.

இலக்கண நூலில்

தொல்காப்பியப் பொருளதிகாரத்தின் கடைசி இயல் மரபியல். எந்தப் பொருளுக்கு எந்தச் சொல்லை வழங்குவது மரபு என்று சொல்வது அது. அங்கே, வெளியே காழ் உடையவற்றைப் புல் என்றும், உள்ளே காழ் உடையவற்றை மரம் என்றும் வழங்குவர் என்று கூறப்படுகிறது. இந்தக் கணக்கில் பனையும் தென்னையும் மூங்கிலும் புல். தேக்கும் வேம்பும் புளியும் மரம்.

பனை புல்லா என்று சிரிக்க வேண்டாம். வடமொழியிலும் பனைக்குப் புல்லின் அரசன் என்று பொருள்படும் திருணராஜ என்ற பெயர் உண்டு. மூங்கிலுக்குத் தோலில் சாரம் உடையது என்று பொருள்படும் த்வக்சார என்ற பெயர் உண்டு. மூங்கில் புல்லினத்தைச் சேர்ந்தது என்பதை இன்றைய தாவரவியலும் ஒப்புக்கொள்கிறது. பனையும் தென்னையும் வேறு குடும்பம் என்றாலும், நெல், மூங்கில் ஆகியவற்றோடு சேர்ந்து ஒருவித்திலைப் பிரிவில்தான் நிற்கின்றன.

அதே மரபியல் உறுப்புகளின் பெயர்களையும் பிரித்துத் தருகிறது. ஓலை, மடல், ஏடு, பாளை, ஈர்க்கு, குலை போன்றவை புல்லுக்கு. இலை, தளிர், சினை, அரும்பு போன்றவை மரத்துக்கு. நாம் இன்றும் தென்னை ஓலை என்கிறோம், மாவிலை என்கிறோம். மாற்றிச் சொன்னால் காது ஏற்பதில்லை. மராத்தியிலும் சாதாரண இலை பான். தென்னை ஓலை ஜாவளி. வாழை இலை மட்டும் ஏன் இலை என்று பிள்ளைகள் கேட்பார்கள். வழக்கு அப்படி அமைந்துவிட்டது என்றுதான் சொல்ல வேண்டும். விதி எல்லா இடத்திலும் செல்லாது என்று தெரிவதும் பாடம்தான்.

அறுத்துப் பார்த்தால்

நான் இரயில்வேயில் பொறியாளராக இருந்தவன். அகலப் பாதையில் மரக்கட்டை போட்ட நாட்களில் ஒரு ஸ்லீப்பர் 2750 மில்லிமீட்டர் நீளம், 250 மில்லிமீட்டர் அகலம், 130 மில்லிமீட்டர் கனம் இருக்கும். தேக்கு, சால் போன்ற கட்டைகளில் வைரம் எவ்வளவு, வெள்ளை எவ்வளவு என்று பார்ப்போம். வைரம் மழையையும் கறையானையும் நெடுநாள் தாங்கும். வெள்ளை முதலில் உளுத்துப்போகும். தேவதாரு போன்ற மென்மரங்களுக்குக் கிரியோசோட் எண்ணெய் ஏற்றுவார்கள். அந்த எண்ணெய் வெள்ளையில் நன்றாக ஊறும். வைரத்தில் எளிதில் ஏறாது.

காரணம் எளியது. அகக்காழ் மரத்தில் பட்டைக்கு உட்புறம் வளர்படலம் ஒன்று இருக்கிறது. அது ஆண்டுதோறும் புதிய கட்டையைச் சேர்த்துக்கொண்டே வெளிநோக்கிப் பருக்கிறது. நீரை மேலே ஏற்றுவது வெளிப்பக்கத்து வெள்ளை. உள்ளே உள்ள பழைய பகுதியில் உயிரணுக்கள் இறந்து, பிசினும் நிறப்பொருள்களும் படிந்து வைரமாகிறது. அதாவது, மரத்தின் உறுதியான பகுதி உயிரற்ற பகுதி. நடுவில் பொந்து விழுந்த புளியமரம் பல ஆண்டு காய்ப்பதன் காரணம் இதுதான்.

பனையிலும் தென்னையிலும் இந்த வளர்படலம் கிடையாது. ஆண்டு வளையமும் கிடையாது. தண்டு முழுவதும் நார்க்கற்றைகள் சிதறிக் கிடக்கின்றன. ஓரத்தில் அவை நெருக்கம், நடுவில் அகலம். ஆகவே ஓரம் கெட்டி, நடு சோறு. தென்னையில் ஏறுவதற்கு வெட்டிய படி ஆயுள் முழுவதும் தூராமல் நிற்பதும் இதனால்தான். பனையைப் பிளந்து கைமரம் செய்பவர்கள் உட்சோற்றைச் செதுக்கி எறிந்துவிட்டு, வெளி வைரத்தை எடுத்துக்கொள்வார்கள். பனையில் ஸ்லீப்பர் அறுத்தால் ஆணி நிற்க வேண்டிய இடத்தில் சோறுதான் இருக்கும்.

குழாய்க் கணக்கு

நடு மெலிந்தால் பலம் போய்விடாதா? ஒரு சிறு கணக்கு. ஓர் உருண்டைக் கம்பியின் நடுவே, அதன் விட்டத்தில் பாதி அளவுக்குத் துளை போடுங்கள். பொருளில் 4இல் 1 பங்கு போய்விடும். ஆனால் வளைவைத் தாங்கும் விறைப்பில் 16இல் 1 பங்கு, அதாவது 6.25 சதவீதம்தான் குறையும். வளையும்போது அதிக இழுப்பும் அமுக்கமும் ஏற்பது வெளி ஓரம். அங்கே கெட்டியாக இருந்தால் போதும். காற்றில் ஆடும் பனையும் மூங்கிலும் குறைந்த பொருளில் நிமிர்ந்து நிற்கும் கணக்கு இதுவே.

மேல்நாட்டில் நடந்தது

பிரெஞ்சு அறிஞர் தேஃபோந்தேன் 1798இல் இந்த இருவகைத் தண்டுகளின் வேறுபாட்டை ஆராய்ந்து எழுதினார். 1813இல் தெ கந்தோல் என்பவர், வெளியே வளர்வன, உள்ளே வளர்வன என்று பொருள்படும் எக்ஸோஜென், எண்டோஜென் என்ற பெயர்களைச் சூட்டினார். பனை உள்ளிருந்து புதுக் கட்டை சேர்த்து வளர்கிறது என்பது கருத்து. பின்னர் வந்த ஆராய்ச்சியில் அது சரியல்ல என்று தெரிந்தது. அந்தப் பெயர்களும் வழக்கொழிந்தன.

நம் சொற்கள் எப்படி வளர்கிறது என்று சொல்லவில்லை. காழ் எங்கே இருக்கிறது என்று மட்டும் சொல்கின்றன. வெட்டிப் பார்த்த எவருக்கும் தெரிகிற அளவோடு நின்றதால், இன்றும் அவை பொய்க்கவில்லை.

எங்கே கூடாது

இந்த இடத்தில் ஒரு வேண்டுகோள். விழா மேடைகளில் தொல்காப்பியர் அன்றே மோனோகாட், டைகாட் கண்டுபிடித்தார் என்று பேசிவிடுகிறோம். கேட்டுக்கொண்டிருக்கும் பிள்ளை, பப்பாளி டைகாட் ஆயிற்றே, அதில் வைரம் எங்கே என்று கேட்டால் பதில் இல்லை. முருங்கையும் அப்படியே. மரபியல் விதையின் பருப்பை எண்ணவில்லை. தண்டின் வன்மையைப் பார்த்தது. பெருமையை ஏற்றிச் சொன்னால், அது உடைகிற அன்றே பிள்ளை அந்தச் சொல்லையும் தூக்கி எறிந்துவிடுவான். உள்ளதைச் சொன்னால் சொல் நிற்கும்.

பிற்கால நிகண்டுகள் அகக்காழை ஆண்மரம் என்றும், புறக்காழைப் பெண்மரம் என்றும், வைரமில்லாததை அலிமரம் என்றும் சொல்கின்றன. இவற்றை இன்று எடுத்தாள வேண்டாம். பனையில் உண்மையாகவே ஆண்பனை, பெண்பனை உண்டு. நிகண்டின் கணக்கில் ஆண்பனையும் பெண்மரம் ஆகிவிடும். வைரமில்லாததைக் காழற்ற மரம் என்றாலே போதும்.

எங்கே வேண்டும்

தண்டின் அமைப்பைச் சொல்லுமிடத்தில் தாராளமாக எழுதலாம். மூங்கில் புறக்காழ்த் தண்டு உடையது. கருவேலம் அகக்காழ் மரம். அதனால் வண்டிச் சக்கரத்துக்கு ஆகிறது. இப்படி.

பிள்ளைகளுக்குப் பயிற்சி

விடுமுறையில் பெற்றோரோடு சென்று பாருங்கள். புரூட் ஆளியில் மூங்கில் பிளப்பவர்களிடம், எந்தப் பக்கத்துச் சீவல் கூடை முடைய உறுதி, எது எளிதில் முறியும் என்று கேளுங்கள். பவானி பேட்டை மரச் சந்தையில் சாக் என்னும் தேக்குக் கட்டையின் அறுத்த முகத்தைப் பாருங்கள். வெளுத்த வளையமும் பழுப்பு நடுவும் தெரியும். பிறகு கரும்பு, கறிவேப்பிலைக் குச்சி, சோளத்தட்டை, முருங்கைக் கிளை ஆகிய நான்கையும் குறுக்கே வெட்டி, புறக்காழா, அகக்காழா, இரண்டும் இல்லையா என்று பட்டியல் எழுதுங்கள். இளங்கிளையில் வைரம் ஏறியிருக்காது என்பதையும் மறவாதீர்கள். ஐயம் வந்தால் கேள்விக்குறி போடுங்கள். கத்தி காட்டியதை மட்டும் எழுதுங்கள்.