வெயில் சாயும் நேரம்

பன்னிரண்டாம் வகுப்புத் தமிழில் ‘திரைமொழி’ பாடம் நடத்தும்போது, ஒளிப்பதிவாளர் என்னதான் செய்கிறார் என்று கடைசி வரிசை மாணவன் கேட்டான். "கேமராவைப் பிடிப்பவர்" என்று சொல்லிச் சமாளித்தேன். அந்தப் பதில் எனக்கே உறுத்தியது.

சனவரியில் செங்கல்பட்டிலிருந்து திருக்கழுக்குன்றம் வழியாக மாமல்லபுரம் அழைத்துச் சென்றோம். ஆளுக்கொரு அட்டை, நடுவில் 16 செ.மீ. அகலம், 9 செ.மீ. உயரத்தில் வெட்டிய சன்னல். காலை எட்டு மணிக்கு அர்ச்சுனன் தபசு முன் நின்று அதன் வழியே பார்த்தார்கள். பாறை கிழக்கு நோக்கியது; வெயில் நேராக முகத்தில் விழுகிறது. "பளிச்சுன்னு இருக்கு சார்" என்றார்கள். பதினொன்றரைக்கு அதே இடத்தில் மீண்டும் நிறுத்தினேன். வெயில் இப்போது பாறையை உரசிக்கொண்டு இறங்குகிறது. ஒற்றைக்காலில் தவம் செய்பவரின் விலா எலும்புகளை எண்ணலாம் போலிருந்தது. காலையில் இருந்த வெளிச்சம் இப்போது இல்லை. நிழல்தான் கூடியிருக்கிறது. உருவத்தைக் காட்டியது அந்த நிழல்தான் என்பதை ஒரு மாணவியே சொன்னாள். மதியத்துக்குப் பிறகு பாறை முழுக்க நிழலாகிவிட்டது.

அங்கிருந்து தொழிலுக்கு வருவது எளிதாயிற்று. திரையில் இரண்டே நிமிடம் ஓடும் காட்சியைக் காலை முதல் மாலை வரை எடுப்பார்கள். வெயில் நகர்ந்தாலும் பார்ப்பவருக்கு அது ஒரே நேரமாகத் தெரிய வேண்டும். ஒரு தெர்மகோல் பலகையை மாணவன் ஒருவனின் முகத்தருகே, நிழல் விழும் பக்கத்தில் பிடித்தோம். கண் தெளிந்தது. படப்பிடிப்பிலும் இப்படித்தான் என்றதும் ஆளாளுக்குப் பலகையைக் கேட்டார்கள். (வகுப்பறைச் சன்னலோரத்திலும் இதைச் செய்யலாம்; சுற்றுலா கட்டாயமில்லை.)

பாலுமகேந்திராவைப் பற்றியும் பேசினோம். மட்டக்களப்புக்காரர். பள்ளிச் சுற்றுலாவில் டேவிட் லீனின் படப்பிடிப்பைப் பார்த்ததுதான் தன்னைச் சினிமாவுக்கு இழுத்தது என்று சொன்னவர். புனே திரைப்படக் கல்லூரியில் ஒளிப்பதிவு படித்தார். 1982இல் வந்த ‘மூன்றாம் பிறை’ அவருக்கு ஒளிப்பதிவுக்கான தேசிய விருதைத் தந்தது.

கேள்வி கேட்ட மாணவனின் அம்மா, பெற்றோர் கூட்டத்தில் கேட்டார்: "இது சோறு போடுமா சார்?" உதவியாளராகப் பல ஆண்டுகள் நிலையில்லாத வருமானத்தில் இருக்க நேரிடலாம் என்பதை மறைக்கவில்லை. சென்னை தரமணியில் உள்ள அரசு எம்.ஜி.ஆர். திரைப்படப் பயிற்சி நிறுவனத்தில் ஒளிப்பதிவுக்குப் பட்டப்படிப்பு உண்டு, பிளஸ் டூ தேறியிருக்க வேண்டும், பி.சி.ஸ்ரீராம் அங்கே படித்தவர் என்பதையும் சொன்னேன். அவர் பதில் சொல்லவில்லை. விண்ணப்பம் எப்போது கொடுப்பார்கள் என்று மட்டும் மறுநாள் மகனிடம் கேட்டு அனுப்பியிருந்தார்.