பழைய வரிப் பாக்கிக்குக் கெடு இல்லையா?



நீங்கள் அனுப்பிய வருமான வரித் துறை அறிவிப்பைப் படித்தேன். இந்த ஆண்டு வரவேண்டிய ரீஃபண்டை 2008-09 மதிப்பீட்டு ஆண்டின் 31,460 ரூபாய் பாக்கியில் கழித்துக்கொள்ளப் போவதாக அதில் இருக்கிறது. இத்தனை வருடம் கழித்தும் கேட்கலாமா என்று கேட்டிருக்கிறீர்கள். வருத்தமான பதில்தான்: கேட்கலாம்.

ஒரு காலத்தில் கெடு இருந்தது. வசூல் நடவடிக்கையை எப்போதுக்குள் தொடங்க வேண்டும் என்று 1961 வருமான வரிச் சட்டத்தின் 231-வது பிரிவு சொன்னது. 1989 ஏப்ரல் முதல் அந்தப் பிரிவு இல்லை. அமெரிக்காவில் வரியை நிர்ணயித்ததிலிருந்து பொதுவாகப் பத்தாண்டுக்குள் வசூலித்தாக வேண்டும். இங்கே 1962-ஆம் ஆண்டுப் பாக்கிகள்கூட ஏட்டில் இருப்பதாக 2024 இடைக்கால பட்ஜெட்டில் நிதியமைச்சரே சொன்னார். 2009-10 நிதியாண்டு வரையிலான பாக்கிகளில் 25,000 ரூபாய்க்கு உட்பட்டவை அப்போது கைவிடப்பட்டன. உங்களுடையது அதைத் தாண்டிவிட்டது.

எனக்குப் பொறுக்காதது இதுதான். உத்தரவில் பிழை இருந்தால் திருத்தச் சொல்லிக் கேட்க உங்களுக்கு நான்கு ஆண்டுக் கெடு உண்டு. வசூலிப்பவருக்கு மட்டும் கிடையாது. பாக்கிக்கு மாதம் ஒரு சதவீத வட்டி வேறு; எட்டு ஆண்டு நான்கு மாதத்தில் வட்டியே அசல் அளவுக்கு வந்துவிடும். உங்கள் சம்பளத்தில் வரியைப் பிடித்தம் செய்த பள்ளியில் அன்றைய எழுத்தர் இருக்கமாட்டார், வங்கிக் கிளை வேறொன்றோடு சேர்ந்திருக்கும். வரியை ஒழுங்காகக் கட்டி, ரசீதை மட்டும் தொலைத்தவர்தான் இதில் அதிகம் அடிபடுகிறார். இது அநியாயம், சட்டத்தில் மறுபடி ஒரு கெடு வரவேண்டும் என்றே நினைக்கிறேன்.

ஆனாலும் உங்கள் பக்கம் வழி அடைபட்டுவிடவில்லை. ஒரு பட்டயக் கணக்காளர் எழுதிய கடிதத்தை வழக்காக எடுத்துக்கொண்ட தில்லி உயர் நீதிமன்றம், வரிதாரருக்கு முன்னறிவிப்பு தந்து பதிலைப் பரிசீலிக்காமல் ரீஃபண்டைப் பிடிக்கக் கூடாது என்று 2013-இல் தீர்ப்பளித்தது. கணக்கை மாற்றிப் பாக்கி போட்ட அறிவிப்பு வரிதாரருக்கு அனுப்பப்படவே இல்லையென்றால் அந்தப் பாக்கியை வசூலிக்க முடியாது என்றும் சொன்னது. 2008-09 கணக்குக்கு எந்தத் தாளும் வந்ததாக நினைவில்லை என்கிறீர்களே, அதை அழுத்திச் சொல்லுங்கள்.

வருமான வரித் துறை இணையதளத்தில் 'டிமாண்ட் இஸ் கரெக்ட்' என்பதைத் தொட்டுவிடாதீர்கள். ஒப்புக்கொண்டபின் மறுக்க விடாது. 'டிஸ்அக்ரீ' என்று போட்டு, 21 நாளுக்குள் காரணத்தைப் பதியுங்கள். உங்கள் பகுதி மதிப்பீட்டு அதிகாரிக்கும் தனியாக ஒரு கடிதம் எழுதி, மூல உத்தரவின் நகலையும் அதை உங்களுக்குச் சேர்ப்பித்த சான்றையும் கேளுங்கள். விரைவுத் தபாலில் அனுப்பி, அது சேர்ந்ததற்கான சான்றைக் கையில் வைத்துக்கொள்ளுங்கள். அந்த ஆண்டின் படிவம் 16 கிடைக்காவிட்டால், சம்பளம் வரவான பாஸ்புக் பக்கங்களை நகலெடுத்து இணையுங்கள். வரி பிடித்தது போக மீதி வந்திருப்பது அதில் தெரியும்.